ஓரினமாக்கு, பிறகு கழி: பின்னக் கழித்தல், மாகாணி, ஒரு ஏவுகணை

7 1/6-லிருந்து 3 3/8-ஐக் கழிக்கச் சொன்னால் நம்மில் பாதிப் பேர் ஃபோனை எடுப்போம். மீதிப் பேருக்கு "மீ.பொ.ம எடு, தொகுதியை மாத்து, பத்தலைன்னா கடன் வாங்கு" என்று மந்திரம் மாதிரி ஏதோ ஞாபகம் இருக்கும். ஏன் அப்படிச் செய்கிறோம் என்பது பெரும்பாலும் ஞாபகம் இருக்காது.

ஆறாம் வகுப்போடு முடிந்துபோன விஷயம் என்று இதை ஒதுக்கிவிட முடியவில்லை. இந்தச் சின்னக் கணக்குக்குள் ஒரே ஒரு விதிதான் இருக்கிறது: இரண்டு அளவுகளும் ஒரே அலகுக்கு வரும்வரை கழிக்காதே. நம் பழைய தமிழ்ப் பின்னங்கள் இந்த விதியைப் பெயருக்குள்ளேயே வைத்திருக்கின்றன. இதை மீறிய ஒரு மென்பொருளால் 1991-ல் 28 பேர் செத்தார்கள். இந்தக் குறிப்பில் மூன்றையும் வரிசையாகப் பார்க்கலாம்.

(கலப்பு பின்னத்தை முழு எண், இடைவெளி, பின்னம் என்று எழுதுகிறேன். 7 1/6 என்றால் ஏழும் ஆறில் ஒன்றும்.)

நேராகக் கழித்தால் என்ன ஆகும்

மேலே இருப்பதை மேலே, கீழே இருப்பதைக் கீழே என்று நேராகக் கழித்துப் பார்ப்போம். 2/3 − 1/2. மேலே 2 − 1 = 1. கீழே 3 − 2 = 1. விடை 1/1, அதாவது ஒன்று. முக்காலுக்கும் குறைவான ஒன்றிலிருந்து பாதியை எடுத்த பிறகு முழுசாக ஒன்று மிச்சம்! இப்படி ஒரு கடன்காரர் கிடைத்தால் நன்றாகத்தான் இருக்கும்.

1/2 − 1/3 இன்னும் மோசம். மேலே 0, கீழே −1. விடை பூஜ்யம். பாதியும் மூன்றில் ஒன்றும் சமம் என்கிறது.

பின்னத்தை இரண்டு எண்கள் என்று நினைப்பதால் வரும் வினை இது. 3/8-ல் எண்ணிக்கை என்று சொல்லத்தக்கது 3 மட்டும்தான். கீழே இருக்கும் 8 ஒரு பெயர், அலகின் பெயர். "மூணு எட்டிலொன்று" என்று சொல்லிப் பாருங்கள், "மூணு அங்குலம்" என்பது போலவே இருக்கும். 3 அடியிலிருந்து 8 அங்குலத்தைக் கழிக்கச் சொன்னால் யாரும் "மைனஸ் 5" என்று சொல்வதில்லை. 36 அங்குலம், அதில் 8 போனால் 28 அங்குலம் என்கிறோம். அதே புத்தியைப் பின்னத்துக்கும் காட்டினால் போதும். அலகின் பெயர்களை யாரும் ஒன்றிலிருந்து ஒன்று கழிப்பதில்லை. முதலில் இரண்டையும் ஒரே பெயருக்குக் கொண்டுவர வேண்டும்.

நம் பாடநூல் வார்த்தைகள் இந்த விஷயத்தில் அருமையானவை. பகுதி ஒன்றாக இருந்தால் ஓரினப் பின்னங்கள். வேறாக இருந்தால் வேற்றினப் பின்னங்கள். பழைய சமஸ்கிருதக் கணித நூல்களிலும் இதே எண்ணம்தான். பின்னங்களைப் பொதுப் பகுதிக்குக் கொண்டுவருவதற்கு அவர்கள் வைத்த பெயர் சவர்ணனம், அதாவது ஒரே நிறமாக்குவது. 628-ல் எழுதிய பிரம்மகுப்தர், 1150-ல் லீலாவதி எழுதிய பாஸ்கரர் எல்லோரிடமும் கூட்டல் கழித்தலுக்கு முன்னால் இந்தப் படி வந்துவிடும். பெயரே விதியைச் சொல்லிவிடுகிறது.

எந்த அலகுக்கு மாத்துவது

7 1/6 − 3 3/8. முழு எண்களை ஓரமாக வைத்துவிட்டு 1/6-ஐயும் 3/8-ஐயும் பார்ப்போம். ஆறிலொன்றையும் எட்டிலொன்றையும் மிச்சமில்லாமல் அளக்கக்கூடிய ஒரு சின்னக் குச்சி வேண்டும்.

6 × 8 = 48 என்பதால் 1/48 ஒரு குச்சி. அதை வைத்து அளந்தால் 1/6 = 8/48, 3/8 = 18/48. தப்பில்லை, வேலை நடக்கும். ஆனால் தேவைக்கு மேல் பொடிக் குச்சி. 1/24 இருந்தாலே போதும்: 1/6 = 4/24, 3/8 = 9/24.

மீச்சிறு பொது மடங்கு என்ற பெயரில் 'மீச்சிறு' இருப்பதால் பலருக்கு ஒரு குழப்பம். பகுதி சிறியது என்றால் குச்சி பெரியது. அதாவது மீ.பொ.ம தேடும்போது, இரண்டையும் சரியாக அளக்கும் குச்சிகளில் மிகப் பெரியதைத்தான் தேடுகிறோம். பெரிய குச்சி என்றால் எண்ணிக்கை குறைவு, கடைசியில் சுருக்கும் வேலையும் குறைவு. 48-ஐ எடுத்தாலும் விடை தப்பாகாது என்பதைப் பிள்ளைகளிடம் சொல்லிவிட வேண்டும். மீ.பொ.ம கண்டுபிடிக்கத் தெரியாததால் கணக்கையே விட்டுவிடும் பிள்ளைகள் நிறைய. இரண்டு பகுதிகளையும் பெருக்கி வைத்துக்கொண்டால் எப்போதும் வழி உண்டு.

பகுதிகள் பெரிதாக இருந்தால்? 84-உம் 126-உம் என்று வைத்துக்கொள்வோம். பகாக் காரணி எழுதிக்கொண்டிருக்க வேண்டாம். யூக்ளிட் தன் ஏழாம் புத்தகத்தில் சொன்ன வழி இருக்கிறது. பெரியதிலிருந்து சின்னதைக் கழித்துக்கொண்டே போவது: 126 − 84 = 42. 84 − 42 = 42. இரண்டும் சமமாகிவிட்டது, ஆக மீ.பொ.வ 42. இரண்டு எண்களையும் பெருக்கி 42-ஆல் வகுத்தால் மீ.பொ.ம: 84 × 126 / 42 = 252. பின்னத்தைக் கழிக்க வேண்டிய அலகைக் கண்டுபிடிக்கவும் கழித்தல்தான் உதவுகிறது என்பது எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம். இரண்டாயிரத்து முந்நூறு வருடமாக இதே வழி ஓடுகிறது. இன்று நீங்கள் எழுதும் நிரலிலும் பின்னத்தைச் சுருக்குவது இதன் ஒரு வடிவம்தான்.

கடன் வாங்கும் இடம்

இப்போது கணக்கு இது: 7 4/24 − 3 9/24.

4-லிருந்து 9 போகாது. பக்கத்து வீட்டு ஏழிடமிருந்து ஒன்று கடன் வாங்க வேண்டும். நிறையப் பேர் விழுவது இங்கேதான். முழு எண் கழித்தலில் கடன் வாங்கினால் எப்போதும் 10 வரும். அந்தப் பழக்கத்தில் 4-ஐ 14 ஆக்கிவிடுவார்கள். ஆனால் இங்கே கடன் வாங்கிய ஒன்று, 24 துண்டுகளாக உடைந்து வருகிறது. அதாவது 24/24. ஆகவே 7 4/24 என்பது 6 28/24 ஆகிறது.

6 28/24 − 3 9/24 = 3 19/24.

சந்தேகம் இருந்தால் மணிக்கணக்காக மாற்றிச் சரிபார்க்கலாம். 7 1/6 மணி என்றால் 7 மணி 10 நிமிடம். 3 3/8 மணி என்றால் 3 மணி 22 1/2 நிமிடம். ஒரு மணியை உடைத்து 60 நிமிடமாக்கினால், 6 மணி 70 நிமிடத்திலிருந்து 3 மணி 22 1/2 நிமிடம் போக 3 மணி 47 1/2 நிமிடம். 60-ல் 47 1/2 என்பது 19/24-தான். மணிக்கணக்கில் கடன் வாங்கும்போது யாரும் 10 நிமிடம் வாங்குவதில்லை; 60 வாங்குகிறோம். பின்னத்தில் அந்த 60-க்குப் பதில் பகுதி. அவ்வளவுதான் வித்தியாசம்.

அந்தக் காலத்து ஆட்களுக்கு இது இன்னும் இயல்பாக இருந்திருக்கும். ரூபாயை உடைத்தால் 16 அணா, அணாவை உடைத்தால் 12 பை. ஒரே கணக்கில் இரண்டு தடவை கடன், இரண்டு தடவையும் வெவ்வேறு எண். மளிகைக்கடையில் நின்று இதைத் தினமும் செய்தவருக்கு "24 கடன் வாங்கு" என்பது புதுசாகவே தெரியாது. 1957 ஏப்ரல் 1 முதல் ரூபாய்க்கு நூறு நயா பைசா என்று ஆன பிறகு, பத்தைத் தவிர வேறு எண்ணைக் கடன் வாங்கும் பழக்கம் கடைவீதியிலிருந்து போய்விட்டது. பின்னக் கழித்தல் பள்ளிக்கூடத்துக்குள் மட்டும் இருக்கும் ஒரு விசித்திரமாக மாறியதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

கடனே வாங்காமல்

கடன் பிடிக்காதவர்களுக்கு இரண்டு வழி.

ஒன்று, எல்லாவற்றையும் தகா பின்னமாக்கிவிடுவது. 7 1/6 = 43/6, 3 3/8 = 27/8. இருபத்துநாலாக்கினால் 172/24 − 81/24 = 91/24 = 3 19/24. படி குறைவு, எண்கள் பெரிசு. கணினிக்கு ஏற்ற வழி. முழு எண் பெரிதாக இருந்தால் மனுஷனுக்குக் கஷ்டம்.

இன்னொன்று, கடைக்காரர் சில்லறை கொடுக்கும் வழி. சின்ன எண்ணிலிருந்து பெரிய எண்ணுக்கு ஏறிப் போவது. 3 3/8-லிருந்து 4-க்கு 5/8 வேண்டும். 4-லிருந்து 7-க்கு 3. 7-லிருந்து 7 1/6-க்கு 1/6. கூட்டினால் 3 + 5/8 + 1/6 = 3 + 15/24 + 4/24 = 3 19/24. கழித்தலே இல்லை; எல்லாம் கூட்டல். மனக்கணக்குக்கு எனக்கு இதுதான் சௌகரியம். ஆனால் கவனித்தீர்களா, இதிலும் 5/8-ஐயும் 1/6-ஐயும் சேர்க்க ஓரினமாக்கத்தான் வேண்டியிருந்தது. கடனைத் தவிர்க்கலாம், அலகை ஒன்றாக்குவதைத் தவிர்க்கவே முடியாது.

மாகாணி என்ற பெயருக்குள் இருக்கும் கணக்கு

இனி நம்ம ஊர்ச் சரக்கு. ஒன்றுக்குக் கீழ்ப்பட்டவற்றைத் தமிழில் கீழ்வாயிலக்கம் என்றார்கள். இதில் இரண்டு குடும்பங்கள் இருக்கின்றன.

முதல் குடும்பம் பாதி பாதியாகப் போவது: அரை (1/2), கால் (1/4), அரைக்கால் (1/8), வீசம் (1/16), அரைவீசம் (1/32), கால்வீசம் (1/64).

இரண்டாவது குடும்பம் இருபதிலிருந்து தொடங்குவது: மா (1/20), அரைமா (1/40), காணி (1/80), அரைக்காணி (1/160), முந்திரி (1/320). மேல் நோக்கிப் போனால் இருமா (1/10), மும்மா (3/20), நாலுமா (1/5).

ஒன்று பதினாறு, இன்னொன்று இருபது. வேற்றினம். வீசத்திலிருந்து மாவைக் கழிக்க வேண்டுமென்றால் நம் முறைப்படி மீ.பொ.ம எடுக்க வேண்டும்: 16-க்கும் 20-க்கும் 80. 1/16 = 5/80, 1/20 = 4/80, வித்தியாசம் 1/80. அதாவது ஒரு காணி.

இப்போது வீசத்துக்கு இருக்கும் இன்னொரு பெயரைப் பாருங்கள்: மாகாணி. மா + காணி. 1/20 + 1/80 = 5/80 = 1/16. கணக்கு பெயரிலேயே முடிந்துவிட்டது! மாகாணியிலிருந்து மா போனால் என்ன மிச்சம் என்று கேட்டால் எழுதப் படிக்கத் தெரியாத ஆளும் "காணி" என்று சொல்லிவிடுவார். இரண்டு குடும்பங்களையும் இணைக்கும் மீ.பொ.ம-வுக்கு ஒரு சொந்தப் பெயர் கொடுத்து, அதை மற்றொரு பெயருக்குள் ஒட்டியும் வைத்திருக்கிறார்கள்.

இது ஒரே ஒரு தற்செயல் இல்லை. வரிசையாக எழுதிப் பார்த்தேன்:

கால் − நாலுமா = மா (1/4 − 1/5 = 1/20)
அரைக்கால் − இருமா = அரைமா (1/8 − 1/10 = 1/40)
வீசம் − மா = காணி (1/16 − 1/20 = 1/80)
அரைவீசம் − அரைமா = அரைக்காணி (1/32 − 1/40 = 1/160)
கால்வீசம் − காணி = முந்திரி (1/64 − 1/80 = 1/320)

ஒவ்வொரு வரியும் முந்தைய வரியில் பாதி. இரண்டு குடும்பங்களிலும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் ஆட்களின் வித்தியாசத்துக்கு ஒவ்வொரு படியிலும் ஒரு பெயர் தயாராக இருக்கிறது. கடைசியில் முந்திரியில் வந்து நிற்கிறது. முந்திரியை அலகாக வைத்துக்கொண்டால் மேலே சொன்ன எல்லாமே முழு எண்கள்: கால் 80, நாலுமா 64, மும்மா 48, அரைக்கால் 40, இருமா 32, வீசம் 20, மா 16, முக்காணி 12, அரைமா 8, அரைவீசம் 10, கால்வீசம் 5, காணி 4, அரைக்காணி 2.

நிரல் எழுதுகிறவர்களுக்கு இது உடனே பிடிபடும். ரூபாயைத் தசமமாக வைக்காமல் பைசாவாக முழு எண்ணில் வைக்கிறோமே, அதே உத்தி. பொதுப் பகுதியை ஒரு தடவை, முன்கூட்டியே, எல்லோருக்குமாகத் தேர்ந்தெடுத்து வைத்துவிட்டார்கள். அதனால் ஒவ்வொரு கணக்குக்கும் புதுசாக மீ.பொ.ம தேட வேண்டியதில்லை. இந்தக் குறிகளுக்கு 2019-ல் வந்த யூனிகோடு 12.0-ல் இடமும் கிடைத்துவிட்டது.

கல்லில் வெட்டிய கழித்தல்

இந்தக் கீழ்வாயிலக்கம் நிஜமாகப் பயன்பட்ட இடம் நில வரி. தஞ்சைப் பெரிய கோயிலுக்கு முதலாம் ராஜராஜன் கொடுத்த ஊர்களின் கல்வெட்டுகள் ஒரே அமைப்பில் போகின்றன. முதலில் ஊரின் மொத்த நிலம். அதில் ஊர் நத்தம், குளம், வாய்க்கால், சுடுகாடு போன்ற வரி கட்டாத நிலம் எவ்வளவு என்று கழிவு. மிச்சம் வரி கட்டும் நிலம், அதற்கு இவ்வளவு நெல். அளவெல்லாம் வேலியிலும் அதன் பின்னங்களிலும். அதாவது கலப்பு பின்னக் கழித்தல். தப்பினால் ஒரு ஊரே கூடுதலாக நெல் அளக்க வேண்டிய கழித்தல்.

அந்த அமைப்பில் நானே ஒரு கணக்கு போட்டுக் காட்டுகிறேன். எண்கள் என்னுடையவை, கல்வெட்டிலிருந்து எடுத்தவை இல்லை. ஊர் நிலம் பன்னிரண்டேகால் வேலி. கழிவு மூன்றேமுக்கால் வேலியும் முக்காணியும். மிச்சம்?

முந்திரியில் எழுதுவோம். 12 வேலி + 80 முந்திரி. கழிவு 3 வேலி + 240 + 12, அதாவது 3 வேலி 252 முந்திரி. 80-லிருந்து 252 போகாது. ஒரு வேலியை உடைத்தால் 320 முந்திரி. 11 வேலி 400 முந்திரியில் 3 வேலி 252 முந்திரி போக, 8 வேலி 148 முந்திரி. 148-ஐப் பெயராக்கினால் கால் (80), நாலுமா (64), காணி (4). எட்டேகால் வேலி, நாலுமா, காணி.

நம் முறையில்: 12 20/80 − 3 63/80 = 11 100/80 − 3 63/80 = 8 37/80. அதே விடை. இந்தக் கணக்குக்கு 80 போதும். முந்திரி வரை இறங்கியது பழக்கத்துக்காக.

முந்திரிக்கும் கீழே போக வேண்டுமென்றால் "கீழ்" என்று ஒரு சொல். கீழ்முந்திரி என்பது முந்திரியில் முந்திரி, 1/102400. அதற்கும் கீழே இன்னொரு கீழ் போடலாம், மறுபடி 320-ஆல் வகுபடும். கல்வெட்டுகளில் இப்படிக் கீழுக்குக் கீழ் வருகிறது. ஒரு வேலி ஏறக்குறைய 6.6 ஏக்கர். அதில் கீழ்முந்திரி என்பது கால் சதுர மீட்டர். அதற்கும் ஒரு கீழ் இறங்கினால் சுமார் 8 சதுர சென்டிமீட்டர், ஒரு தீப்பெட்டியின் முகத்தைவிடச் சின்னது. வயலில் கோல் பிடித்து இவ்வளவு துல்லியமாக யாரும் அளக்க முடியாது. ஆகவே இந்தப் பொடி எண்கள் அளவையில் வந்தவை அல்ல, கணக்கில் வந்தவை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஒரு கோலிலிருந்து இன்னொரு கோலுக்கு மாற்றும்போது, வகுக்கும்போது மிஞ்சியதைத் தூக்கிப் போடாமல் கடைசிவரை எழுதியிருக்கிறார்கள்.

மூன்றில் ஒன்று எங்கே?

இவ்வளவு பெயர் இருந்தும் மேலே உள்ள இரண்டு வரிசைகளிலும் 1/3 இல்லை. 320-ஐ மூன்றால் வகுத்தால் 106 வந்து 2 மிச்சம். மிச்சமிருக்கும் முந்திரியில் மூன்றில் இரண்டைக் கீழ்முந்திரியாக்கினால் 213 வந்து, கீழ்முந்திரியில் மூன்றில் ஒன்று மிச்சம். ஆரம்பித்த இடத்துக்கே வந்துவிட்டோம்! அதற்குக் கீழே மறுபடி 106, மறுபடி 213, முடிவே இல்லை.

காரணம் எளிது. 320-ன் பகாக் காரணிகள் 2-உம் 5-உம் மட்டும். 3 அதில் இல்லை. நம் தசமத்துக்கும் அதே கதி: 10-ன் காரணிகளும் 2, 5 மட்டும், அதனால்தான் 1/3 என்பது 0.333... என்று ஓடுகிறது. முன்கூட்டியே பொதுப் பகுதியைத் தேர்ந்தெடுப்பதன் விலை இது. பள்ளிக்கூட மீ.பொ.ம முறை ஒவ்வொரு தடவையும் புதுசாக வேலை வாங்கும், ஆனால் எந்தப் பின்னத்துக்கும் துல்லியமான விடை தரும். நிலையான அலகு வேகமாக ஓடும், ஆனால் சில பின்னங்களை அதில் எழுதவே முடியாது.

கணினிக்கு நிலைமை இன்னும் மோசம். அதன் அலகுகள் இரண்டின் அடுக்குகள் மட்டும், ஐந்துகூடக் கிடையாது. ஆகவே 1/10-ஐக்கூட முழுசாக எழுத முடியாது. பைத்தானில் 0.3 − 0.1 போட்டுப் பாருங்கள், 0.19999999999999998 என்று வரும். நம் ஆட்களுக்கு 1/10 என்பது இருமா, சுத்தமாக 32 முந்திரி. இந்த ஒரு விஷயத்தில் கீழ்வாயிலக்கம் இருமத்தைவிட ஒரு படி மேல்.

தாஹ்ரான், 1991

வளைகுடாப் போர். சவுதி அரேபியாவின் தாஹ்ரானில் ஸ்கட் ஏவுகணைகளைத் தடுக்க அமெரிக்காவின் பேட்ரியாட் அமைப்பு நின்றிருந்தது. அதன் உள்கடிகாரம் நேரத்தைப் பத்தில் ஒரு நொடிகளாக, முழு எண்ணில் எண்ணியது. இதுவரை தப்பே இல்லை. நொடியாக மாற்ற அந்த எண்ணிக்கையை 1/10-ஆல் பெருக்க வேண்டும். அந்த 1/10, 24 பிட் இடத்தில் வெட்டி வைக்கப்பட்டிருந்தது. வெட்டியதில் விட்டுப்போனது சுமார் 0.000000095.

பொடி எண்தான். ஆனால் அமைப்பு நிறுத்தாமல் 100 மணி நேரம் ஓடியிருந்தது. 100 மணி நேரத்தில் 36 லட்சம் பத்திலொரு நொடிகள். பெருக்கினால் 0.34 நொடி. ஸ்கட் நொடிக்குச் சுமார் 1.7 கிலோமீட்டர் போகும். 0.34 நொடியில் அரை கிலோமீட்டருக்கு மேல். பேட்ரியாட் வானத்தில் தப்பான இடத்தில் தேடியது. 1991 பிப்ரவரி 25 அன்று ஏவுகணை ஒரு ராணுவக் குடியிருப்பில் விழுந்தது. 28 வீரர்கள் இறந்தார்கள்.

இந்தக் கதையைப் பெரும்பாலும் இத்தோடு முடித்துவிடுவார்கள்: "தசமத்தை நம்பாதே." ஆனால் இதற்குள் இன்னொரு அடுக்கு இருக்கிறது. ராடாருக்குத் தேவைப்படுவது மொத்த நேரம் அல்ல, இரண்டு நேரங்களின் வித்தியாசம். இரண்டு நேரங்களும் ஒரே வெட்டிய 1/10-ஆல் மாற்றப்பட்டிருந்தால், இரண்டிலும் ஒரே அளவு பிழை; கழிக்கும்போது அடிபட்டுப் போயிருக்கும். கணிதவியலாளர் ராபர்ட் ஸ்கீல் 1992-ல் விளக்கியபடி நடந்தது வேறு. நேரத்தை இன்னும் துல்லியமாக மாற்ற ஒரு புதிய துணைநிரல் சேர்த்திருக்கிறார்கள். அதைப் போட வேண்டிய எல்லா இடங்களிலும் போடவில்லை. ஆக ஒரு நேரம் புது 1/10-ல், இன்னொரு நேரம் பழைய 1/10-ல். இரண்டையும் கழித்தார்கள்.

வேற்றினப் பின்னங்களை ஓரினமாக்காமல் கழித்தது என்று இதைச் சொன்னால் மிகையில்லை. இரண்டுக்கும் "நொடி" என்ற ஒரே பெயர் இருந்ததால் வேற்றினம் என்பதே தெரியவில்லை, அவ்வளவுதான். பாதியை மட்டும் திருத்தியது, எதையும் திருத்தாமல் விட்டதைவிட மோசமாகிப் போனது. திருத்திய மென்பொருள் அடுத்த நாள் தாஹ்ரானுக்கு வந்து சேர்ந்தது.

இன்னொன்றும் கவனிக்கலாம். முழு எண் எண்ணிக்கைகளை முதலில் கழித்துவிட்டு, வித்தியாசத்தை மட்டும் 1/10-ஆல் பெருக்கியிருந்தால் இந்தப் பிரச்சினையே இல்லை. ஓரினமாக இருக்கும்போதே கழி, பிறகு மாத்து. அணா பைசாவிலும் இதே கதைதான். ஓரணா என்பது 6 1/4 நயா பைசா. நாலு ஓரணாவைத் தனித்தனியாக 6 என்று வைத்து மாற்றினால் 24. நாலணாவாகச் சேர்த்து மாற்றினால் 25. எப்போது மாற்றுகிறோம் என்பதில் ஒரு காசு போய்விடுகிறது.

கையோடு வைத்துக்கொள்ள

படிகள் இவைதான். பகுதி என்பது அலகின் பெயர் என்று நினைவில் வை. இரண்டையும் சரியாக அளக்கும் ஒரே அலகைத் தேர்ந்தெடு, மீ.பொ.ம நல்லது, பெருக்கற்பலனும் போதும். தொகுதிகளை அந்த அலகில் எழுது. பத்தவில்லை என்றால் ஒன்றை உடை, வருவது 10 அல்ல, பகுதி. கழி. கடைசியில் சுருக்கு.

பிள்ளைகளுக்குச் சொல்லித்தரும்போது நான் கணக்கைப் போட விடுவதற்கு முன்னால் ஒரே கேள்வி கேட்பேன்: "இது ரெண்டும் ஒரே ஜாதிக் குச்சியா?" இல்லை என்று அவர்களே சொல்லிவிட்டால் மீதி எல்லாம் தானாக வரும்.

கடைசியாகப் போட்டுப் பார்க்க ஒன்று: 9 1/12 − 4 5/18. யூக்ளிட் வழியில் 18 − 12 = 6, 12 − 6 = 6, ஆக மீ.பொ.வ 6, மீ.பொ.ம 36. மீதியை நீங்கள் போடுங்கள். 4 29/36 வந்தால் சரி. 4 3/36 வந்தால், கடன் வாங்கும்போது 36-க்குப் பதில் 10 வாங்கியிருக்கிறீர்கள்.